துக்க வருடத்தில் ஒரு கச்சேரி

ஹெர்மினா ஸ்ட்ரகோஷ் ப்ரொஸ்ட்யோவ் ஊரில் சட்டை தைத்துப் பிழைத்தவள். நாஜிகள் யூதர்களை அடைத்துவைத்திருந்த டெரெசின் முகாம் நகரில் அவளுக்குச் சலவைக்கூட வேலை. நாளெல்லாம் நீரில் ஊறிய கைகளோடு மாலையில் நிலவறைக்குப் போவாள். அங்கே காலில்லாத பியானோவைப் பெட்டிகள் மேல் ஏற்றிவைத்து, ஆர்னோ ப்ரில் பாடகர் குழு நடத்திவந்தார். பெண்களின் கீழ்க்குரல் வரிசை அவளுடையது. அந்த ஒரு பொழுதுக்காகவே மற்றப் பொழுதுகளைத் தள்ளினாள்.

கோடையில் அவள் அப்பா காய்ச்சலில் போனார். யூத வழக்கப்படி பெற்றவர் இறந்தால் ஓராண்டு பாட்டு கூடாது. அப்பாவும் தன் தந்தைக்கு அப்படித்தான் இருந்தார். ஹெர்மினா குழுவிலிருந்து நின்றுகொண்டாள்.

பிறகு முகாமில் இருந்தவர்களை ஏற்றிக்கொண்டு, போனவர் திரும்பாத கிழக்கே ஒரு ரயில் போனது. கீழ்க்குரலில் ஒருத்தியும் மிஞ்சவில்லை. ஆர்னோ சலவைக்கூடத்துக்கே வந்துவிட்டார்.

"நீங்க வரலேன்னா கச்சேரியே இல்லம்மா."

"அடுத்த வருஷம் பாடறேன்."

துணி பிழிந்துகொண்டிருந்த ஓல்கா சிரித்துவிட்டாள். "இந்த ஊர்ல அடுத்த வருஷத்தப் பத்திப் பேசறவ நீ ஒருத்திதாண்டி!"

ஹெர்மினா அடுத்த துணியைத் தொட்டியில் முக்கினாள். ஓல்காவே தொடர்ந்தாள்.

"எங்க மாமா கல்யாணங்கள்ல பிடில் வாசிக்கறவரு. அவங்கம்மா செத்த ரெண்டாம் மாசமே வாசிக்கப் போனாரு. வயித்துப்பாட்டுக்குன்னா தப்பில்லன்னு எங்க மதகுரு, ரபியே சொல்லிட்டாராம். ஏங்க, இவளுக்கும் கூலி குடுங்களேன்."

"நான் கடவுளையே நம்பாதவன்."

"உங்கள யாரு நம்பச் சொன்னா? உருளைக்கிழங்கு குடுங்க."

மறுநாள் ஆர்னோ தன் உருளைக்கிழங்குப் பங்கில் பாதியைக் காகிதத்தில் மடித்துக் கொண்டுவந்தார். அவர் கன்னம் ஏற்கெனவே ஒட்டிப்போயிருந்தது. திருப்பிக் கொடுத்தால் அது கூலியாகாது என்று ஹெர்மினா யோசித்தாள். அவர் எதிரிலேயே தின்றாள்.

கச்சேரி ஒரு கட்டடத்தின் மேல்மாடிப் பரணில் நடந்தது. முதல் பாட்டைத் துணி துவைப்பதுபோலப் பாடினாள். மனதை அதில் விடவில்லை. இரண்டாவதில் நான்கு குரல்களும் ஒன்றாக எழும் இடம் வந்தது. அதன் பிறகு அவள் மனதைத் தடுத்துவைக்கவில்லை. கைதட்டல் ஓய்ந்தபோதுதான், இவ்வளவு நேரமும் அப்பாவின் நினைவே வரவில்லை என்பது உறைத்தது. சந்தோஷமாக இருந்திருக்கிறாள். அதற்கு எந்த ரபியும் விலக்குத் தந்ததில்லை.

படியிறங்கும்போது ஆர்னோ பின்னாலேயே வந்தார். "வர்ற வாரமும் உண்டு. கிழங்கு கொண்டாறேன்."

"வேணாம். நீங்களே சாப்பிடுங்க."

"அப்ப வரமாட்டீங்களா?"

"வருவேன்," என்றாள்.