கிரான்பெரி ஜெலியும் நான் சொல்லாமல் விட்டதும்

அக்கா எங்களை விட்டுப் பிரிந்து ஓராண்டு நிறைகிறது. இந்த நினைவு மலருக்கு ஒரு கட்டுரை எழுதித் தரும்படி அக்காவின் மகள் தாரணி கேட்டு மூன்று மாதமாகிவிட்டது. நான்கு தடவை எழுதிக் கிழித்துவிட்டேன். "பொறுமையின் வடிவம்" என்று தொடங்கினால் கை நின்றுவிடுகிறது. அக்காவிடம் பொறுமை இருக்கவில்லை. பேருந்து இரண்டு நிமிடம் பிந்தி வந்தால் ஏறும்போதே சாரதிக்குத் தன் மணிக்கூட்டைக் காட்டுகிற மனுஷி அவர். "எல்லோரையும் அரவணைத்தவர்" என்று எழுதினால், அவரிடம் ஏச்சு வாங்கிய நீங்கள் எல்லோரும் சிரிப்பீர்கள். ஆகவே நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன்.

அக்கா திருகோணமலையில், கடலுக்கு இரண்டு தெரு தள்ளி இருந்த வீட்டில் பிறந்தார். அவருக்கு நான்கு வருடம் பிந்திப் பிறந்தவன் நான். ஐயா துறைமுகத்தில் எழுதுவினைஞர். எங்கள் வீட்டில் வெள்ளிக்கிழமை தவிர மீன் இல்லாத நாள் கிடையாது. பாரைமீன் தலை அக்காவுக்கு என்று எழுதாத சட்டம். அதை அவர் எனக்கு ஒருநாளும் விட்டுத் தந்ததில்லை.

அப்படிப்பட்டவர் மீன், இறைச்சி என்று எல்லா மச்சத்தையும் விட்டது தாரணிக்காக. போரில் இடம்பெயர்ந்து ஒரு பாடசாலைக் கட்டடத்தில் தங்கியிருந்த காலம் அது. பிள்ளைக்கு மூன்று வயது. ஐந்து நாளாகக் காய்ச்சல் இறங்கவில்லை. வைத்தியரும் இல்லை, மருந்தும் இல்லை. பிள்ளையை மடியில் கிடத்திக்கொண்டு அக்கா அம்மனுக்கு நேர்த்தி வைத்தார்: பிள்ளை எழும்பினால் சாகும்வரை மச்சம் தொடுவதில்லை. ஆறாம் நாள் காய்ச்சல் விட்டது. அன்றிலிருந்து மீன்சட்டி இருந்த பக்கம்கூட அவர் திரும்பவில்லை.

கனடா வந்து மூன்றாம் வருடம் அத்தான் மாரடைப்பில் போய்விட்டார். டோர்செட் பார்க்கில் பதினோராம் மாடியில் ஒரு சிறிய வீடு, பத்து வயதுப் பிள்ளை, கொஞ்ச ஆங்கிலம். அக்கா ஒரு முதியோர் இல்லத்தின் சமையலறையில் வேலைக்குச் சேர்ந்தார். காலை ஐந்தரைக்கு பஸ். அந்தச் சமையலறையில்தான் அவர் கிரான்பெரி ஜெலியைக் கண்டார்.

நத்தாருக்கு, அதாவது கிறிஸ்மஸுக்கு, வெள்ளைக்கார முதியவர்களுக்கு வான்கோழியோடு இந்த ஜெலியும் போகவேண்டும். புளிக்கிற சிவப்புப் பழம், தோடம்பழம், அப்பிள், செலரித் தண்டு, வோல்நட், தகரத்தில் அடைத்த அன்னாசி எல்லாவற்றையும் அரைத்தும் நறுக்கியும் சிவப்பு ஜெலியில் கலந்து, நடுவில் ஓட்டை உள்ள அச்சில் ஊற்றிக் குளிரவிட்டுக் கவிழ்ப்பது. ஐம்பது பேருக்கான அளவு சுவரில் ஒட்டியிருந்ததாம். அதை அக்கா பன்னிரண்டு பேருக்கு வகுத்து ஒரு துண்டில் எழுதிக்கொண்டு வந்தார்.

எங்கள் குடும்பம் நத்தாரன்று கூடுவது சமயத்துக்காக அல்ல, அன்றுதான் எல்லோருக்கும் விடுமுறை என்பதற்காக. மல்வேர்னில் எங்கள் ரவுண்ஹவுஸ் வீட்டில் ஒரு மேசையில் வான்கோழி, இன்னொரு மேசையில் சைவம். அத்தான் போன அடுத்த வருடம் அக்கா அந்த ஜெலியோடு வந்தார். தட்டில் கவிழ்த்ததும் அது ஆடியது. எல்லோரும் கைதட்டினார்கள். அக்கா சிரித்தார். ஒன்றரை வருடத்தில் முதல்தடவை அவர் பல் தெரியச் சிரித்ததைப் பார்த்தேன். பிறகு ஒரு கரண்டி எடுத்துச் சாப்பிட்டார்.

அந்த ஜெலிப் பாக்கெற்றுகளை வாங்கிக் கொடுத்தவன் நான். அப்போது நான் ஒரு மிட்டாய்த் தொழிற்சாலையில் வேலை செய்துகொண்டிருந்தேன். ஜெலியை இறுகவைக்கும் ஜெலற்றின் மூட்டைகளை உடைத்துத் தொட்டியில் கொட்டுவதுதான் என் வேலை. அது எதிலிருந்து வருகிறது என்று எனக்குத் தெரியும். மாட்டின் எலும்பும் பன்றியின் தோலும். அக்கா கரண்டியை வாய்க்குக் கொண்டுபோவதைப் பார்த்துக்கொண்டு நின்றேன். சொல்லியிருக்கலாம். அந்தச் சிரிப்பைப் பார்த்துவிட்டுச் சொல்ல வாய் வரவில்லை. அடுத்த வருடம் சொல்லலாம் என்று நினைத்தேன். அடுத்த வருடம், போன வருடம் ஏன் சொல்லவில்லை என்று கேட்பாரே என்று பயம் வந்தது. இப்படியே பதினொரு நத்தார் போனது.

பதினோராவது நத்தாரில் வான்கோழிக் குழம்புக் கரண்டியை யாரோ கத்தரிக்காய்க் கறிக்குள் வைத்துவிட்டார்கள். அக்கா கண்டுவிட்டார். இருபது பேருக்கு நடுவில் என் மனைவியைப் பார்த்து, "உங்கட வீட்டிலை சுத்தம் எண்டது மருந்துக்கும் இல்லை. இனி இஞ்ச தண்ணிகூடக் குடிக்கமாட்டன்" என்றார். இரண்டு நாளாக நின்று சமைத்த என் மனைவி அழத் தொடங்கினார். எனக்குக் கோபம் தலைக்கேறிவிட்டது.

"சுத்தத்தைப் பற்றி நீங்கள் கதைக்காதேங்கோ அக்கா. பதினொரு வருசமா நீங்கள் சாப்பிடுற ஜெலியே மாட்டெலும்பிலைதான் செய்யிறது" என்றேன்.

அக்காவின் கையில் ஜெலிக் கிண்ணம் இருந்தது. அதை மேசையில் வைத்தார். என்னையே பார்த்தார். கோட்டை எடுத்துப் போட்டுக்கொண்டு வாசலில் போய் நின்றார். தாரணிதான் அவரைக் காரில் கூட்டிக்கொண்டு போனார்.

இரண்டு வருடம் அக்கா என்னோடு பேசவில்லை. தொலைபேசி எடுத்தால் வைத்துவிடுவார். கோயிலில் கண்டால் மற்றப் பக்கமாக வீதி சுற்றுவார். உறவினர்கள் என்னைத் தேற்றினார்கள். "நீர் உண்மையைத்தானே சொன்னனீர். தெரியாமல் சாப்பிட்டதுக்கு அம்மன் கோவிப்பாவோ? இதுக்குப் போய் இவ்வளவு வீம்போ?" என்றார்கள். நானும் தலையாட்டினேன்.

இரண்டு வருடம் முடியப்போகிற நேரம், ஒக்டோபரில், தாங்ஸ்கிவிங் விடுமுறையில் தொலைபேசி அடித்தது. சுகம் விசாரிப்பு ஒன்றும் இல்லை.

"ஒரு லீற்றருக்குக் கடற்பாசித் தூள் எத்தினை கிராம்? நீ மிட்டாய்க் கொம்பனியிலை இருந்தனிதானே."

"அக்கா..."

"கேட்டதுக்கு மறுமொழி சொல்லு."

எனக்கும் தெரியவில்லை. கோட்டை எடுத்துக்கொண்டு புறப்பட்டேன்.

அக்காவின் சமையலறையைப் பார்த்ததும் விளங்கியது. ஜெலற்றினுக்குப் பதில் கடற்பாசியில் அந்த ஜெலியைச் செய்ய முயன்றிருக்கிறார். ஆறு தடவை பிழையாகிவிட்டது. ஒரு கிண்ணத்தில் சிவப்புத் தண்ணீர். இன்னொன்றில் கட்டி கட்டியாக, திரிந்த பால் போல ஏதோ. மூன்றாவது கத்தி இறங்காத அளவுக்கு இறுகிக் கிடந்தது. அக்காவின் விரல்கள் எல்லாம் கிரான்பெரிச் சாயம்.

"சனியன் பிடிச்ச சாமான். சோறு காய்ச்சத் தெரிஞ்சவளுக்கு ஒரு பாசி காய்ச்சத் தெரியேல்லையாம்" என்றார். இரண்டு வருடத்துக்குப் பிறகு என் முகத்தைப் பார்த்து அவர் சொன்ன முதல் வசனம் அதுதான்.

இருவருமாக மத்தியானம் முழுக்க மல்லுக்கட்டினோம். புளிச்சாற்றோடு சேர்த்துக் கொதிக்கவைத்தால் பாசி இறுகும் தன்மையை இழந்துவிடுகிறது. தனித் தண்ணீரில் காய்ச்சி, பிரிட்ஜிலிருந்து எடுத்த பழத்தை அதில் கொட்டினால் சூடு போய் உடனே கட்டிபடுகிறது. இந்த இரண்டையும் கண்டுபிடிக்க இன்னும் இரண்டு சட்டி வீணானது. அக்கா நான் கிண்டுவது பிழை என்றார். நான் அவர் அளப்பது பிழை என்றேன். கரண்டியைப் பறித்தார். நான் திரும்பப் பறித்தேன்.

மூன்றாவது சட்டி அடுப்பில் இருந்தபோது, என்னைப் பார்க்காமலே கேட்டார்.

"ஒண்டு கேக்கிறன், நேராச் சொல்லு. உனக்கு எப்ப தெரியும்?"

பொய் சொல்ல நினைத்தேன். முடியவில்லை.

"முதல் வருசமே தெரியும் அக்கா."

"எனக்கு அண்டைக்கே விளங்கீட்டுது. நீ சொன்ன விதத்திலையே, கனகாலம் உள்ளுக்கை வைச்சிருந்து எறிஞ்சது எண்டு தெரிஞ்சுது." சட்டியைக் கிண்டினார். "தாரணிக்கு வயித்திலை ஒப்பரேசன் நடந்த வருசமும் நான் அதைச் சாப்பிட்டனான். ஆஸ்பத்திரியிலை இருந்து அம்மனைக் கும்பிட்டனான். நீ பக்கத்திலைதான் இருந்தனி. ஏன்டா சொல்லேல்லை?"

"நீங்கள் சந்தோசமா இருந்தீங்கள்."

"என்ர சந்தோசத்துக்கு உன்னை ஆர் காவல் வைச்சது? நேத்தி என்ர. முறிஞ்சால் முறிஞ்சதெண்டு எனக்குத் தெரியவேணும். நான் போய் அம்மனிட்டை அழுதிருப்பன், பிராயச்சித்தம் செய்திருப்பன். பதினொரு வருசம் என்னை ஒரு மடைச்சி மாதிரி விட்டிட்டுப் பார்த்துக்கொண்டு நிண்டனி."

"அக்கா, என்னை மன்னியுங்கோ" என்று சொல்ல அதைவிட நல்ல நேரம் கிடைத்திருக்காது. வாயைத் திறந்தேன்.

"அடுப்பைக் குறை, பொங்குது" என்றார்.

அடுப்பைக் குறைத்தேன். அந்த வார்த்தை அதோடு போய்விட்டது. அவரும் திரும்ப அதைப் பற்றிக் கேட்கவில்லை.

மூன்றாவது சட்டி ஒருவாறு இறுகியது. ஆனால் அந்த நத்தாருக்குத் திரும்பச் செய்து, எங்கள் வீட்டு மேசையில் அச்சை வழக்கம்போல வெந்நீரில் நனைத்துக் கவிழ்த்தால் ஜெலி வரவில்லை. கடற்பாசி அந்தச் சூட்டுக்கு இளகாது என்று எங்கள் இருவருக்கும் தெரியவில்லை. அக்கா அச்சின் முதுகில் ஓங்கித் தட்டினார். பாதி தட்டில் விழுந்தது, மீதி அச்சில் நின்றது. "எடு, குப்பையிலை கொட்டு" என்றார். கொட்ட விடாமல் என் மனைவி கரண்டியால் வழித்துக் கிண்ணங்களில் போட்டுக் கொடுத்தார். அக்காவும் ஒரு கிண்ணம் வாங்கினார். என் மனைவியிடம் அவர் மன்னிப்புக் கேட்டது அந்த அளவில்தான். அதற்குப் பிறகு நான்கு நத்தாருக்கு அதைச் செய்தார். ஒரு வருடமாவது "சரி வந்திட்டுது" என்று சொல்லவில்லை.

அடுத்த வருடம் கார்த்திகையில் அக்காவுக்குப் பக்கவாதம் வந்தது. வலப்பக்கம் இழுத்துக்கொண்டது. பேச்சு குழறியது. விழுங்குவது கடினமாகிவிட்டதால் வைத்தியசாலையில் எல்லாவற்றையும் களியாக அரைத்தே கொடுத்தார்கள். சாப்பாட்டுக்கு முகம் சுளித்தவர், நத்தாருக்கு முதல்வாரம் "ஜெ... லி" என்றார். எனக்கு வேறு என்ன வேண்டும்? அன்றே செய்துகொண்டு ஓடினேன்.

தாதி பெட்டியைத் திறந்து பார்த்துவிட்டுத் தலையசைத்தார். கொட்டையும் செலரியும் தொண்டையில் சிக்கும் என்றார். மறுநாள் எல்லாவற்றையும் வடித்து, வெறும் சாற்றில் செய்துகொண்டு போனேன். அதுவும் முடியாது. சாதாரண ஜெலி வாயில் உருகித் தண்ணீராகி மூச்சுக்குழாய்க்குள் இறங்குமாம். இது உருகாமல் துண்டு துண்டாக உடைந்து அடைக்குமாம். விழுங்கும் பரிசோதனை செய்கிறவர் வந்து பார்த்துச் சொன்னால் யோசிக்கலாம் என்றார். அவர் விடுமுறையில் இருந்தார். அந்தத் தாதியில் பிழை இல்லை. ஆனால் எனக்கு அந்தச் சுவரில் முட்டவேண்டும் போல இருந்தது. ஆறாவது வருடத்தில், கட்டிபடாமல், உடையாமல், அச்சு அச்சாக வந்திருந்தது. அதை நான் அவருக்குக் கொடுக்க முடியாமல் நின்றேன்.

அக்கா இடக்கையால் என்னைக் காட்டினார். "நீ... தின்."

கட்டில் பக்கத்தில் இருந்து சாப்பிட்டேன். அவர் என் வாயையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"புளி கூடிப்போச்சு, அக்கா" என்றேன்.

"சீனி... காணாது" என்றார். என்னைக் குற்றம் சொன்ன திருப்தி முகத்தில் தெரிந்தது. அடுத்த மாதம், தைப்பொங்கல் கழிந்த கிழமை, காலையில் தாரணி பக்கத்தில் இருக்க அக்கா போய்விட்டார்.

அந்த நாட்களில் கைகொடுத்தவர்களை நாங்கள் மறக்கவில்லை. பனியில் கார் ஓட்டி வந்து முறை வைத்து வைத்தியசாலையில் இருந்தவர்கள், முப்பத்தோராம் நாள் கிரியை வரை வீட்டுக்குச் சாப்பாடு கொண்டுவந்தவர்கள், அக்காவோடு சமையலறையில் வேலை செய்து, விளங்காத மொழியில் நடந்த கிரியை முழுவதும் எழும்பாமல் இருந்த இரண்டு பெண்கள், பொறுமையாக இரண்டு தரமும் விளக்கம் சொன்ன அந்தத் தாதி, எல்லோருக்கும் தாரணி குடும்பத்தின் சார்பிலும் என் குடும்பத்தின் சார்பிலும் கைகூப்பி நன்றி சொல்கிறேன்.

ஒன்று மிச்சம் இருக்கிறது. இறுதிக் கிரியை மண்டபத்தில் எனக்குப் பின்வரிசையில் ஒருவர் சொன்னது காதில் விழுந்தது: "நல்ல மனுசிதான். ஆனா ஒரு ஜெலிக்காகக் கூடப்பிறந்த தம்பியோட ரெண்டு வருசம் கதைக்காமல் இருந்தவா." அவர் பொல்லாதவர் அல்லர், உங்களில் பலர் நினைப்பதைத்தான் சொன்னார். நான் திரும்பி அதைத் திருத்தியிருக்கவேண்டும். கைகட்டிக்கொண்டு நின்றேன். அன்றும் பேசாமல் விட்டேன்.

அக்கா ஜெலிக்காகக் கோபிக்கவில்லை. பதினொரு வருடம் தெரிந்துகொண்டே நான் மறைத்ததற்காகக் கோபித்தார். அதை அவர் தன் மகளுக்குக்கூடச் சொல்லவில்லை. இதை நான் எழுதித் தந்தபோதுதான் தாரணிக்கே தெரியும். இரண்டு வருடம் வீம்புக்காரி என்ற பெயரைத் தான் வாங்கிக்கொண்டு, என் பெயரைக் கெடாமல் விட்டார். இனி அக்காவைப் பற்றி எங்காவது பேச்சு வந்தால், தயவுசெய்து பிழை தம்பியுடையது என்று சொல்லுங்கள்.