நேற்றைய சோறு

ஊட்டி காந்தலில் எங்கள் வீட்டுக் குளியலறை மூலையில் ஒரு நீல பிளாஸ்டிக் வாளி இருந்தது. கைப்பிடி உடைந்து, துணி ஊறவைக்கக்கூட ஆகாது என்று ஒதுக்கப்பட்டது. அண்ணி அதைத் தனக்கென்று எடுத்துக்கொண்டாள். மழை மாதங்களில் ஊட்டியில் ஜன்னலைத் திறந்து வைக்க முடியாது. குளிருக்குப் பயந்து அடைத்த வீட்டுக்குள் அந்த வாளியின் வாடை கம்பளிகளில் ஏறி உட்கார்ந்துகொள்ளும். புளித்த மாவும் அழுகிய முட்டையும் கலந்த வாடை. இதை நாசூக்காகச் சொல்ல எனக்கு விருப்பமில்லை. குமட்டியது. உள்ளே கிடப்பதைப் பார்த்தால் இன்னும் குமட்டும். முந்தின நாள் மத்தியானம் நான் நறுக்கிக் கொடுத்த பீன்ஸ், நறுக்கின வடிவம் கலையாமல், பச்சை நிறம்கூட முழுதாகப் போகாமல் கிடக்கும். ஓர் இரவு முழுக்க ஒரு மனுஷியின் வயிற்றுக்குள் இருந்துவிட்டு வந்த காய் அது.

அண்ணி காரமடைக்காரி. பள்ளிக்கூடம் போகும் வயதிலேயே சர்க்கரை நோய் வந்து, அன்றிலிருந்து இன்சுலின் ஊசி போட்டுக்கொண்டிருப்பவள். பெண் பார்க்கப் போனபோதே அவள் வீட்டார் அதைச் சொல்லிவிட்டார்கள். அரவங்காட்டுத் தொழிற்சாலையில் வேலை பார்த்த அண்ணன் பரவாயில்லை என்றான். அம்மாவுக்கு அது பிடிக்கவில்லை, ஆனாலும் தலையாட்டினாள். அப்பா அப்போதே இல்லை. நான் குன்னூர்ப் பக்கம் ஒரு தேயிலை பேக்டரி ஆபீசில் வேலைக்குப் போய் வந்துகொண்டிருந்தேன். வந்த புதிதில் அண்ணி நன்றாகச் சாப்பிடுவாள், சத்தமாகச் சிரிப்பாள். பஸ் ஸ்டாண்டில் வாங்கிய சூடான வர்க்கி பிஸ்கட்டை வீடு வந்து சேர்வதற்குள் தின்று முடித்துவிடுவோம், அண்ணியும் நாத்தனாருமாக.

கல்யாணமாகிச் சில வருஷங்கள் கழித்துத்தான் அது தொடங்கியது. பாதித் தோசை தின்றதும் கல்யாண விருந்து தின்றவளைப் போல நிமிர்ந்து உட்கார்ந்துகொள்வாள். வயிறு மத்தளம் மாதிரி இறுகியிருக்கும். ஏப்பத்தில் அந்த முட்டை வாடை வரும். அப்புறம் வாந்தி. முதலில் எப்போதாவது, பிறகு வாரத்தில் பாதி நாள். அக்கம்பக்கத்தில் ஒருத்தி கண் சிமிட்டிவிட்டு, விசேஷமா என்று கேட்டாள். அம்மாவும் அதை நம்பி, சர்க்கரை நோய்க்காரியின் வாயில் சர்க்கரையை அள்ளிப் போட்டாள். விசேஷம் இல்லை என்று தெரிந்ததும் அதே அம்மா, "நாம சமைச்சது அவளுக்குத் தொண்டையில எறங்க மாட்டேங்குதாமா. வேணும்னே வெரல உட்டு எடுக்கறா" என்று பக்கத்து வீட்டுக்குக் கேட்கும்படி சொன்னாள். அண்ணனைக் கேட்டால் கேஸ் டிரபிள் என்பான். மருந்துக் கடையில் பச்சை நிற மருந்து ஒரு பாட்டில் வாங்கிக் கொடுத்ததோடு அவன் கடமை முடிந்தது. அண்ணியைக் கேட்டாலோ, "பரவால்ல அம்மிணி, சரியாப் போயிரும்" என்று சொல்லிவிட்டு வாளியைக் கழுவப் போய்விடுவாள். ஜாக்கெட்டுகள் தோளில் நிற்காமல் வழுக்கத் தொடங்கியிருந்தன. அதைப் பற்றி யாரும் பேசவில்லை.

மேட்டுப்பாளையத்தைத் தாண்டி ஒரு கிராமத்தில் தொக்கம் எடுக்கிறார்கள் என்று அம்மாவிடம் யாரோ சொன்னார்கள். வயிற்றில் ஒட்டிக்கொண்டு செரிக்காமல் கிடக்கும் சோற்றை வாயால் உறிஞ்சி வெளியே எடுத்துவிடும் வைத்தியம். மலையிறங்கும் பஸ்ஸில் ஒவ்வொரு கொண்டை ஊசி வளைவிலும் அண்ணி பிளாஸ்டிக் பைக்குள் குனிந்தாள். அந்த வீட்டில் எங்களுக்கு முன்னால் ஒரு கூட்டமே காத்திருந்தது. வைத்தியம் செய்தவள் பருத்த பெண்மணி. வெற்றிலை போட்டுச் சிவந்த வாய். அண்ணியைப் பாயில் படுக்கவைத்து, தொப்புளுக்கு மேல் ஒரு குழாயை வைத்து உறிஞ்சினாள். உறிஞ்சுவதற்கு முன்பே அவளுடைய ஒரு கன்னம் புடைத்திருந்ததை நான் பார்த்தேன். பிறகு தட்டில் துப்பினாள். எச்சிலில் ஊறிய ஒரு கறித்துண்டு. அண்ணி பிறந்ததிலிருந்து கறி தொட்டதில்லை. அந்தத் துண்டைப் பார்த்து அம்மா கன்னத்தில் போட்டுக்கொண்டாள். எனக்கு அந்த நீல வாளியே தேவலை என்று தோன்றியது. வாளியில் கிடந்தது அண்ணியின் சொந்த வயிற்றிலிருந்து வந்தது. இது வேறொருத்தியின் கடைவாயில் ஊறியது.

"வவுறு காலியாயிருச்சு, இனி நல்லாத் திங்கலாம்" என்று அந்தப் பெண்மணி சொன்னதை அம்மா அப்படியே எடுத்துக்கொண்டாள். வீடு திரும்பிய மறுநாள் இலை போட்டு விருந்து. அண்ணி வழக்கம்போல ஊசி போட்டுக்கொண்டு உட்கார்ந்தாள். போதும் என்று இலைமேல் கையை விரித்து மறைத்தபோது, அம்மா அந்தக் கையைத் தூக்கிவிட்டு அதன் கீழே சோற்றை வைத்தாள். சாப்பிட்டது அத்தனையும் வயிற்றிலேயே நின்றுகொண்டது. ஊசி மட்டும் தன் வேலையைச் செய்தது. சோற்றிலிருந்து ஏற வேண்டிய சர்க்கரை ரத்தத்துக்குப் போய்ச் சேரவேயில்லை. கொஞ்ச நேரத்தில் அந்தக் குளிரிலும் அண்ணிக்குத் தலைமுடி நனையும்படி வியர்த்தது. நாக்குக் குழறியது. என்னைப் பார்த்து யாருங்க என்று கேட்டாள். நான் கொடுத்த சர்க்கரைத் தண்ணீரையும் வாந்தி எடுத்தாள். ஆட்டோவில் தூக்கிப் போட்டுக்கொண்டு ஆஸ்பத்திரிக்கு ஓடினோம்.

அங்கே குளுக்கோஸ் ஏற்றி அவளைத் திருப்பிக் கொண்டுவந்தார்கள். அடுத்த நாள் காலை வயிற்று டாக்டர் பார்க்க வந்தார். நடுத்தர வயதுப் பெண்மணி. அவர் பேசிக்கொண்டிருக்கும்போதே அண்ணி தட்டை இழுத்து வாந்தி எடுத்தாள். அண்ணன் கைக்குட்டையை மூக்கில் வைத்துக்கொண்டு ஜன்னல் பக்கம் திரும்பினான். அம்மா கதவுக்கு வெளியே போனாள். டாக்டர் தட்டைக் கையில் வாங்கி வெளிச்சத்தில் சாய்த்துப் பார்த்தார். முகம் சுளிக்கவில்லை. "இன்னிக்கு என்ன சாப்பிட்டீங்க?" என்றார். ஒன்றும் இல்லை என்றாள் அண்ணி. "அப்ப இது எப்பத்தது?" நேற்று மத்தியான விருந்துச் சோறுங்க என்று அண்ணி சொன்னாள். கேரட் துண்டுகளைக்கூட அடையாளம் கண்டாள்.

டாக்டர் நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டார். எத்தனை வாயில் வயிறு நிறைந்துவிடுகிறது, குமட்டல் சாப்பிட்டதும் வருகிறதா நாள் முழுக்க இருக்கிறதா, தண்ணீராவது தங்குகிறதா, எடை எவ்வளவு குறைந்திருக்கிறது, சாப்பிட்ட பிறகும் சர்க்கரை இறங்கியது இதற்கு முன்பு உண்டா என்று ஒவ்வொன்றாகக் கேட்டார். ஒவ்வொன்றுக்கும் ஜன்னலிலிருந்து அண்ணன் பதில் சொன்னான். "அப்பப்ப வாந்தி வருமுங்க டாக்டர். மத்தபடி ஒண்ணுமில்லீங்க." டாக்டர் திரும்பி, "வயிறு உங்களுதுங்களா?" என்று கேட்டார். பிறகு அவர் அண்ணியிடம், இந்த இரண்டு வாரத்தை மட்டும் நினைத்துக்கொண்டு ஒவ்வொரு தொந்தரவுக்கும் ஓர் எண் சொல்லச் சொன்னார். இல்லவே இல்லை என்றால் பூஜ்யம், தாங்கவே முடியவில்லை என்றால் ஐந்து. குமட்டலுக்கு நான்கு என்றாள் அண்ணி. வயிறு நிறைவதற்கு ஐந்து. உப்புசத்துக்கும் ஐந்து என்று சொல்லும்போது அழுதுவிட்டாள். எங்கள் வீட்டில் 'பரவால்ல' என்ற ஒரு சொல்லுக்குள் அவள் அமுக்கி வைத்திருந்தது இத்தனை பெரியது என்று அன்றைக்குத்தான் எல்லோர் காதிலும் விழுந்தது.

வாய் வழியாகக் கேமராக் குழாய் விட்டுப் பார்த்தபோது, பட்டினி கிடந்த வயிற்றுக்குள்ளும் பழைய சோறு கிடந்தது. அடைப்பு எதுவும் இல்லை. பிறகு கோயம்புத்தூரில், படத்தில் தெரியும்படி மருந்து கலந்த இட்லியைத் தின்னக் கொடுத்து, அது வயிற்றை விட்டு நகர்வதை மணிக்கணக்காகப் படம் எடுத்தார்கள். இட்லி நகரவில்லை. பல வருஷத்துச் சர்க்கரையில் வயிற்றின் நரம்பு கெட்டு, அது பிசைந்து கீழே தள்ளும் வேலையை ஏறக்குறைய நிறுத்திவிட்டது என்றார் டாக்டர். காஸ்ட்ரோபரேசிஸ் என்று பெயர் சொன்னார். "எத்தன தடவ வாந்தின்னு எண்ணுனா மட்டும் பத்தாதுங்க. எடை நிக்குதா, தண்ணி தங்குதா, சர்க்கரை தாறுமாறாப் போகுதா, வேலைக்கு எந்திரிச்சுப் போக முடியுதா, எல்லாம் சேர்த்துத்தான் எவ்வளவு முத்தியிருக்குன்னு சொல்ல முடியும். இவங்களுக்கு நல்லாவே முத்தியிருக்கு. இன்னும் விட்டிருந்தா குழாய் வழியாத்தான் சாப்பாடு." முழுதாகக் குணமாகாது, கட்டுக்குள் வைக்கலாம் என்றார். கொஞ்சம் கொஞ்சமாக, மசித்து, எண்ணெய் குறைத்துச் சாப்பிட வேண்டும். நார் அதிகமுள்ள காய் கூடாது. சாப்பாட்டுக்கு முன்னால் மாத்திரை. இன்சுலினைச் சாப்பாடு தங்குவதைப் பார்த்துவிட்டுப் பிறகு போட வேண்டும்.

நோய்க்குப் பெயர் கிடைத்துவிட்டதால் வீடு மாறும் என்று நினைத்தேன். பெயர் அம்மாவுக்கு இன்னும் வசதியாகப் போய்விட்டது. "வவுத்து நரம்பு செத்துப்போச்சாமா" என்று வருகிறவர்களிடமெல்லாம் சொன்னாள். ஒரு ஞாயிற்றுக்கிழமை குன்னூரிலிருந்து வந்த தாய்மாமா எங்கள் வீட்டில் உட்கார்ந்து கோழி தின்றுகொண்டே அண்ணனிடம் பேசினார். "இது தேறாது மாப்ள. புள்ளையும் இல்ல. பேசி அனுப்பிப்போட்டு வேற எடம் பாத்துக்கலாம்." விரலிடுக்கில் வழிந்த குழம்பை நக்கினார். எலும்பைக் கடித்து உறிஞ்சினார். பல்லிடுக்கில் நார் தொங்கியது. அண்ணி அடுக்களையில் மசித்த சோற்றை ஸ்பூனால் தின்றுகொண்டிருந்தாள், எல்லாம் காதில் விழும் தூரத்தில். அண்ணன் இன்னொரு கரண்டி குழம்பு ஊற்றிக்கொண்டான். என் வாழ்நாளில் அத்தனை அருவருப்பாக நான் எதையும் பார்த்ததில்லை. நன்றாகச் செரிக்கும் வயிறுகளைப் பார்த்து வந்த அருவருப்பு அது.

அண்ணி கை கழுவிக்கொண்டு வந்தாள். "ஏனுங்க, நீங்க அனுப்ப வேண்டாம். நானே போறேன்" என்றாள். காரமடைக்குப் போகவில்லை. குன்னூரில் ஒரு சின்னப் பிள்ளைகள் பள்ளியில் டீச்சர் வேலை தேடிக்கொண்டாள். என் பேக்டரிக்கும் அது பக்கம் என்று நானும் பெட்டியைக் கட்டினேன். நீ எங்கே போற என்று அம்மா கேட்டாள். அண்ணிகூட என்றேன். அம்மா அதற்குப் பிறகு என்னிடம் வெகுநாள் பேசவில்லை. அது ஒரு விதத்தில் நிம்மதியாகவே இருந்தது.

இப்போது இரண்டு பேரும் ஒரு சின்ன வாடகை வீட்டில் இருக்கிறோம். மோசமான நாட்கள் வருகின்றன, ஆஸ்பத்திரியில் சேர்க்கும்படியும் வருகின்றன. சாப்பிட்டதும் தேயிலைக் காட்டு ஓரமாகக் கொஞ்ச தூரம் மெதுவாக நடந்து வருகிறோம். எடை கொஞ்சம் ஏறியிருக்கிறது.

போன மாதம் அண்ணன் வந்தான். கையில் ஓர் இனிப்புப் பெட்டி. அதைத் திறந்து தானே தின்னத் தொடங்கினான். அண்ணி எதிரில் உட்கார்ந்திருக்க, என்னைப் பார்த்து, "இப்ப எப்படி இருக்கு அவளுக்கு?" என்றான்.

"அண்ணிகிட்டயே கேளுங்கண்ணா" என்றேன்.

அண்ணன் அடுத்த துண்டை எடுத்துக்கொண்டே அவள் பக்கம் திரும்பி, எப்படி இருக்கே என்று கேட்டான். அண்ணி சொல்லத் தொடங்கினாள். முந்தின நாள் என்ன தின்றாள், எது தங்கியது, எது எப்போது எப்படி வெளியே வந்தது, அதன் நிறம் என்ன, வாடை என்ன என்று நிதானமாக, ஒன்றையும் விடாமல். அண்ணன் முகம் சுருங்கியது. "சாப்படறப்பப் போயி இதையெல்லாம் சொல்லிக்கிட்டு..." என்று கையை வாய்க்குக் குறுக்கே வைத்தான்.

"கேட்டீங்கல்லங்க" என்றாள் அண்ணி. "முழுசாக் கேட்டுட்டுப் போங்க."

அவன் கையிலிருந்த துண்டைப் பெட்டிக்குள்ளேயே வைத்துவிட்டான். அவள் விட்ட இடத்திலிருந்து தொடர்ந்தாள்.