சவரிமுத்து அண்ணன் கலைக்காத இரண்டு வரிகள்

அந்த வரிகள் அண்ணனுக்குப் பிடிக்காது என்று அன்று லூர்து அண்ணியிடம் நான் சொல்லவில்லை.

ஆலங்காயத்தில் எங்கள் அச்சகத்தைத் திறந்து, அன்றைய முதல் புரூஃபை நான் கையில் எடுத்த நேரம். பக்கத்துக் கடைக்காரர் வாசலில் சைக்கிளை நிறுத்தி, இறங்காமலே சொன்னார்: "உங்க சவரிமுத்து போய்ட்டாரும்மா. விடியகாலையில நெஞ்சு வலின்னாராம்." முதலாளி மெஷினை நிறுத்தச் சொன்னார். நடந்தே அவர் வீட்டுக்குப் போனோம். அழுது ஓய்ந்திருந்த அண்ணி என் கையைப் பிடித்துக்கொண்டார்.

"முப்பதாம் நாள் பூசைக்குக் கார்டு போடணும் தேவி. அந்த உதிர்ந்த மலர் இருக்குதில்ல, அதையே போட்டுடு. வேற ஒண்ணும் வேணாம்."

தலையாட்டினேன். ஊராருக்கெல்லாம் தனித்தனியாக வரி எழுதித் தந்தவரை, யாருக்கு வேண்டுமானாலும் போடும் இரண்டு வரிகளோடு அனுப்பி வைப்பதா? திரும்பி வரும் வழியெல்லாம் எனக்கு அதுதான் உறுத்தியது.

சவரிமுத்து அண்ணன் எங்கள் அச்சகத்தில் ஈய எழுத்துகளை அச்சுக்குக் கோப்பவர். நான் பிழை திருத்துபவள். கல்யாணப் பத்திரிகை, கோயில் நோட்டீஸ், ரசீதுப் புத்தகம் எல்லாம் அவர் கையில் வேகமாக முடியும். நினைவு நாள் கார்டு வந்தால் மட்டும் வேகம் குறைந்துவிடும். வந்தவர்களை ஸ்டூலில் உட்காரவைத்துப் பேச்சுக் கொடுப்பார்.

நான் வேலையில் சேர்ந்த புதிதில் மலைமேல் இருக்கும் நெல்லிவாசலிலிருந்து ஜீப்பில் தொற்றிக்கொண்டு ஒருவர் வந்தார். தாயார் இறந்து பதினைந்து நாள் ஆகியிருந்தது.

"உங்கம்மா இன்னா பண்ணுவாங்க?"

"சாமை வெதைப்பாங்க. புளி உலுக்கற காலத்துல கூட வருவாங்க."

"மரம் ஏறுவாங்களா?"

"நாங்க ஏறுவோம். அவங்க கீழ நின்னு திட்டுவாங்க."

அண்ணன் சிரித்தார். வந்தவரும் சிரித்துவிட்டு உடனே துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். அன்று மாலை நான் திருத்திய புரூஃபில் இப்படி இருந்தது: 'புளியமரம் இருக்கிறது. பழமும் இருக்கிறது. கீழே நின்று அதட்டும் குரல்தான் இல்லை.'

முதலாளி அதைப் படித்துவிட்டு, "சாவுக் கார்டுய்யா இது. படிக்கிறவன் சிரிச்சிட்டா?" என்றார்.

"சிரிக்கட்டும் முதலாளி. அந்தம்மா திட்டறது அவங்க காதுல வுழுந்தாதான சிரிப்பாங்க?"

நான் புத்தகங்களோடு வளர்ந்தவள். துயரத்தைப் பாடிய கவிதைகளில் ஏன் எப்போதும் மரமும் மழையும் ஆறும் வந்து நிற்கின்றன என்று எனக்குள் ஒரு சந்தேகம் உண்டு. நாம் அழுவது மரத்துக்குத் தெரியாது. மழை யாருக்காகவும் நிற்பதில்லை. பிறகு அவற்றிடம் என்ன ஆறுதல்? சாப்பாட்டு வேளையில் ஒருநாள் அண்ணனிடம் இதைக் கேட்டேன். தூக்குவாளியை மூடிக்கொண்டே சொன்னார்: "செத்தவங்களப் பாக்க முடியாது. அவங்க பாத்ததப் பாக்கலாம். அவ்ளோதாம்மா."

இதைவிடப் பெரிய விளக்கம் எதையும் நான் பிறகு எந்தப் புத்தகத்திலும் தேடவில்லை.

அவர் காய்ச்சலில் படுத்திருந்த ஒரு வாரம், படவேட்டுக்காரர் ஒருவருடைய தகப்பனாருக்கு நானே வரி எழுதினேன். 'ஆறு கடலில் கலந்தது' என்று தொடங்கியிருந்தேன். அதைப் படித்த மகன் என்னை ஏற இறங்கப் பார்த்தார்.

"எங்க ஆத்துல தண்ணி வந்தே வருசமாவுது. எங்கப்பா எந்தக் கடலுக்கும்மா போவாரு? கரும்புக்குத் தண்ணி இல்லாமத்தான் அலைஞ்சாரு."

வேலைக்குத் திரும்பிய அண்ணன் இதைக் கேட்டு ஒரு பகல் முழுவதும் சிரித்தார். பிறகு ஒரு மாதத்துக்கு, நான் உள்ளே நுழையும்போதெல்லாம், "வாம்மா, கடலு எந்தப் பக்கம்?" என்பார்.

இப்படிப்பட்டவர் உட்காரும் இடத்துக்குப் பின்னால், பலகையின் மேல், கோத்த எழுத்துகளாகவே நூலால் கட்டி வைத்த இரண்டு வரிகள் இருந்தன.

'உதிர்ந்த மலரே, உறங்கு!
நீ கிடந்த மண்ணும் மணக்கிறது.'

அவசரமாகக் கார்டு கேட்பவர்களுக்கு அதைத்தான் போடுவோம். முதலாளி அதற்கு வைத்த பெயர் சத்திரத்துச் சோறு. அண்ணன் அதைக் கையால் தொடமாட்டார். "நீயே எடுத்து வையி தேவி" என்று நகர்ந்துகொள்வார். பழசாகிவிட்டதே, எழுத்துகளைப் பிரித்துக் கலைத்துவிடலாமா என்று ஒருமுறை கேட்டேன். "அது கெடக்கட்டும். கலைக்காத" என்று மட்டும் சொன்னார். தேய்ந்துபோன உவமை, அதனால் அவருக்குப் பிடிக்கவில்லை என்று நானே முடிவு செய்துகொண்டேன்.

ஆகவே முப்பதாம் நாள் நெருங்கியபோது அண்ணனுக்கென்று நான்கு வரிகள் எழுதினேன். மலையில் பெய்து முடித்த மழைக்குப் பின் ஊரெல்லாம் துளிர்ப்பதைப் பற்றியவை. நான் எழுதியவற்றில் மோசமானவை அல்ல. அதற்கும் உதிர்ந்த மலருக்கும் புரூஃப் எடுத்துக்கொண்டு அண்ணியிடம் போனேன்.

என் வரிகளை இரண்டு முறை படித்தார். "நல்லாத்தான் கீது" என்று மடியில் வைத்துக்கொண்டார். பிறகு மற்றதை எடுத்தார்.

"இது எங்க ஸ்டெல்லாவுக்கு எழுதனதும்மா."

அவர்களுக்கு ஒரு பெண் இருந்தாள் என்பதே எனக்கு அப்போதுதான் தெரியும்.

"பள்ளிக்கூடத்துக்குப் பின்னால புங்கமரம். கீழ கொட்டற பூவ எல்லாம் பாவாடையில அள்ளிக்கினு வரும். வூடெல்லாம் பூ. பெருக்க முடியலன்னு நான் அடிச்சிருக்கேன். அந்த வருசமே ஜுரம் வந்து போய்ட்டுது. அவரு எழுதன மொத கார்டு அதான். பாத்தவங்க எல்லாம் அதையே கேட்டாங்க. முதலாளி கட்டி வச்சிட்டாரு."

"அவரு ஒண்ணும் சொல்லலியா அண்ணி?"

"இன்னா சொல்லுவாரு? 'ஊர்ல யார் வூட்ல சாவு வந்தாலும் நம்ப புள்ள பூ கொண்டுக்கினு போவுது லூர்து'ன்னுவாரு. அத சொல்லும்போது சிரிப்பாரு. கையால தொட மட்டும் மாட்டாரு."

என் தாளை வாங்கி மடித்துப் பையில் வைத்தேன்.

கார்டை நானே கோத்தேன். பூசைக்கு மலையிலிருந்தும் ஆட்கள் வந்திருந்தார்கள். நெல்லிவாசல்காரர் கார்டைப் படித்துவிட்டு, "எங்க மாமா கார்டுலயும் இதேதான் இருந்திச்சி" என்றார். "ஆமாம்பா, இருக்கும்" என்றார் அண்ணி. அவர் முகத்தில் எந்தக் குறையும் இல்லை. கல்லறையைச் சுற்றி மழைக்கு முளைத்திருந்த புல்லை யாரும் பிடுங்கவில்லை. அண்ணா, நீங்கள் தேடிப் போனவள் உங்களுக்கு முன்பே ஊரெல்லாம் சுற்றி வந்துவிட்டாள். நிம்மதியாகப் போய்ச் சேருங்கள்.

அடுத்த வாரம் மனைவியை இழந்த ஒருவர் அச்சகத்துக்கு வந்து, உதிர்ந்த மலர் வரிகளைக் கேட்டார். போட்டுக் கொடுத்தேன்.