நூகு வாப்பாவின் ஏச்சு

அம்பாசமுத்திரத்தில் அரிசிக் கடை நூகு அதட்டினால் மூட்டை தூக்குகிறவர்கள் மறுபேச்சுப் பேச மாட்டார்கள். எடையில் கை வைத்த தரகன் வாலைச் சுருட்டிக்கொண்டு போவான். அதிகம் பேசாத மனிதர், எப்போதாவதுதான் ஏசுவார். அந்த ஏச்சுக்கு ஊரில் ஒரு மரியாதை இருந்தது.

அதைக் கெடுத்தவன் பெற்ற பிள்ளை. கல்லூரிக்குப் போகிறேன் என்று சொல்லிவிட்டு சல்மான் ஃபாரிஸ் நாள் முழுக்கப் போனோடு திரிந்தான். வாப்பாவின் டீயில் உப்பைப் போடுவான், செருப்பை ஒளித்து வைப்பான். அவர் ஏசும்போது அலமாரி மறைவில் போன் ஓடிக்கொண்டிருக்கும். வெட்டி ஒட்டி, நடுவே கழுதை கத்தும் சத்தத்தையும் சேர்த்து, 'நூகு வாப்பா ஏச்சு' என்று பேர் வைத்து ரீல்ஸ் போட்டான். களக்காடு, வள்ளியூர் வரைக்கும் பையன்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். அரிசி வாங்க வந்தவனே, "அண்ணாச்சி, ஒரு ஏச்சு ஏசுங்க, கேப்போம்" என்று பல்லைக் காட்டினான்.

"எங்கிட்ட ஒரு வார்த்த கேட்டியாலே?" என்று மகனிடம் கத்தினார் நூகு. அதுவும் ரீல்ஸாக வந்தது. தூ, இப்படியும் ஒரு பிழைப்பு!

மகள் அஸீலாவுக்குச் சம்பந்தம் பேச வந்தார்கள். அவளுக்கு நர்சிங் படிப்பு இன்னும் ஓராண்டு பாக்கி. முடித்த பிறகுதான் நிக்காஹ் என்று மகளுக்கு வாக்குக் கொடுத்திருந்தார். மாப்பிள்ளையின் மாமா வட்டிலப்பத்தை வழித்துத் தின்றுகொண்டே, "பிள்ள படிச்சது போதும். ஹஜ்ஜுப் பெருநா கழிஞ்சதும் வச்சிருவோம்" என்றார்.

நூகு எழுந்தார். "படிப்ப முடிக்காம எம் மவள அனுப்ப மாட்டேன்வே!"

கூடமே சிரித்தது. மாமாவுக்குக் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. "அச்சு அசல் வீடியோதான்! அப்படியே அந்தச் செருப்பு ஏச்சையும் ஏசும்வே" என்றார்.

"வெளையாட்டுக்கா சொல்லுதேன்?" என்று நூகு கத்தக் கத்தச் சிரிப்பு கூடியது. மாமா நிச்சயம் முடிந்ததாகவே நினைத்து, பாத்திஹா ஓதக் கையேந்தினார். ஓதிவிட்டால் அப்புறம் பேச்சை மாற்ற முடியாது. கதவுக்குப் பின்னால் அஸீலா அழுதாள்.

மகன் போனைத் தூக்கிப் பிடித்து, "வாப்பா, இன்னொரு தடவ சொல்லுங்க, வெளிச்சம் பத்தல" என்றான்.

நூகு கையை ஓங்கினார். அதற்கும் சிரித்தான். விழுந்த அறையில் போன் ஒரு பக்கம், அவன் ஒரு பக்கம். கூடம் கப்சிப். மாமாவின் கைகள் பைய இறங்கின.

"அவ படிப்பு முடியட்டும். இஷ்டமில்லன்னா எந்திரிச்சுப் போங்க" என்றார் நூகு, குரலை உயர்த்தாமல். இந்தத் தடவை எல்லாருக்கும் கேட்டது.

வந்தவர்கள் போனார்கள். அஸீலா தப்பித்தாள். பிள்ளைகளை ஒரு நாளும் கை நீட்டி அடிக்காதவர் நூகு. இனி அடித்தால்தான் நம் சொல் செல்லுமா என்று அடித்த கையைத் திருப்பிப் பார்த்தார். மகனோ கன்னத்தைத் தடவிக்கொண்டே கீழே கிடந்த போனை எடுத்து, அறை விழுந்தது பதிவாகியிருக்கிறதா என்று பார்த்துக்கொண்டிருந்தான்.