கல்லில் வெட்டிய தேதி

அண்ணனின் கல்லறைக்குக் கல் வெட்ட வந்த மேஸ்திரி பென்சிலைக் காதிலிருந்து எடுத்து, "பிறந்த தேதி சொல்லும் பாட்டா" என்றபோது, "எந்தத் தேதி?" என்று கேட்டுவிட்டேன். கூடப்பிறந்தவனுக்கு இதுகூடத் தெரியாதா என்பதுபோலப் பார்த்தார். தெரியாமல் இல்லை. எங்கள் வீட்டில் அண்ணனுக்கு இரண்டு தேதிகள் உண்டு.

மூத்த மகனுக்குத் தகப்பனைப் பெற்றவரின் பெயரை விடுவது எங்கள் வழக்கம். அப்பாவும் அம்மாவும் முதலில் பெற்ற பிள்ளைக்கு அப்படித்தான் விட்டார்கள். களியக்காவிளைக்கு அந்தப் பக்கம், அம்மாவின் ஊரில் பிறந்து, அங்குள்ள சபையிலேயே ஞானஸ்நானம் பெற்று, பால்குடி மறக்குமுன்னே காய்ச்சலில் போய்விட்டான். இரண்டு வருஷம் கழித்துப் பாறசாலை வீட்டில் அண்ணன் பிறந்ததும், பெயர் அற்றுப்போகக் கூடாதென்று அதே பெயரை இவனுக்கும் விட்டார்கள். போன பிள்ளையின் ஞானஸ்நானச் சீட்டை அம்மா வேதப்புத்தகத்துக்குள் வைத்திருந்தாள். அண்ணனைப் பள்ளியில் சேர்த்த அன்று அவள் என்னைப் பெற்றுப் படுத்திருந்தாள். எழுத்தறியாத அப்பா வேதப்புத்தகத்தில் இருந்த சீட்டை எடுத்துக்கொண்டு போனார். பெயர் சரி, தகப்பன் பெயரும் சரி. வாத்தியார் பார்த்து எழுதிக்கொண்டார்.

வறுமையால் இடையிடையே நின்று படித்த அண்ணன், வாத்தியார் பயிற்சிக்கு மனுப் போட்டபோதுதான் பிசகு தெரிந்தது. பள்ளிக்கூடத்துக் கணக்குப்படி வயது கடந்துவிட்டது. அந்த இரண்டு வருஷத்தைத் திருத்தினால் இடம் உண்டு, அதுவும் அந்த வருஷம் மட்டும். எங்கள் சபையிலிருந்து அண்ணனின் சொந்தச் சீட்டை எழுதி வாங்கிக்கொண்டு நெய்யாற்றின்கரை ஆபீசுக்குப் போனோம். குமாஸ்தா இரண்டு சீட்டையும் அருகருகே வைத்துப் பார்த்தார். ஒரே பெயர், ஒரே தகப்பன். மூத்தது செத்ததற்கு ரேகை, எழுத்தில் உள்ள அத்தாட்சி, கொண்டுவா என்றார்.

அப்பா கைகூப்பியபடியே நின்றார். "சாரே, அது கைப்பிள்ளையாக்கும். நானே எடுத்துட்டுப் போயி அடக்கினேன். அதுக்கு எங்க உண்டு கடலாசு?"

தமிழ் பேசும் இடங்களைத் தமிழ் மாநிலத்தோடு சேர்க்கச் சொல்லித் தமிழர்கள் எல்லைக்காகக் கொடி பிடித்து நடந்த காலம் அது. குமாஸ்தா சிரித்தார். "நீங்க அந்தப் பக்கம் போகணும்னுதானே சமரம் செய்யுதிய? போயி அங்கயே திருத்திக்கிடும்."

அப்பா இரண்டு சீட்டையும் மடித்து மடியில் செருகினார். மறுநாளே அம்மாவின் ஊருக்குப் போனார். அங்கே போதகர் அடக்கப் புத்தகத்தைப் புரட்டித் தேடினார். அப்பாவின் பெயரை எழுதி, 'இவருடைய ஆண் குழந்தை' என்று மட்டும் போட்டிருந்தது. கைப்பிள்ளைகளை அப்படித்தான் எழுதுவார்களாம். அதையே பார்த்துப் பகர்த்தி எழுதிக் கொடுத்தார். அப்பா அதைக் கொண்டுவந்த வாரம் எங்கும் கலவரம். பஸ் இல்லை, ஆபீசும் பூட்டிக் கிடந்தது. திறந்தபிறகு, செத்த பிள்ளையின் பெயர் இதில் இல்லையே என்று திருப்பிவிட்டார்கள். பயிற்சிக்கு ஆள் எடுத்து முடிந்துவிட்டது. பிறகு எல்லையும் பிரிந்தது. அம்மாவின் சபை வேறு மாநிலத்தில், நாங்கள் இங்கே. ராத்திரி ஜெபத்தில் அப்பா அந்தக் காரியத்தைச் சொல்லத் தொடங்கி, பாதியில் ஆமென் என்று முடித்துவிடுவார்.

அண்ணன் காட்டாக்கடைச் சந்தையில் மரச்சீனிக் கிழங்கு விற்றுக் குடும்பம் நடத்தினான். யாரையும் பழித்ததில்லை. என்னிடம் மட்டும், "எலே மக்கா, பெரியவனுக்கும் சேத்து நானாக்கும் வயசாவுதேன்" என்பான். அம்மா அதைக் கேட்டால் அடுக்களைக்குள் போய்விடுவாள். அந்தப் பிள்ளைக்குக் கல் கிடையாது. தன் ஊருக்குப் போகும்போதெல்லாம் கல்லறைத் தோட்டத்து வேலியோரம் அவள் நின்று ஜெபம் பண்ணுவாள். புதர் மூடியபின் சரியான இடம் அடக்கிய அப்பாவுக்கும் தெரியாது, அவளுக்கும் தெரியாது.

மேஸ்திரி காத்துக்கொண்டிருந்தார். மரணச் சான்றிதழிலும் பள்ளிக்கூடத் தேதிதான். அதன்படியே வெட்ட வேண்டும் என்று சபையில் சொல்லிவிட்டார்கள். "இதுல உள்ளதை வெட்டும்" என்று சான்றிதழை நீட்டினேன். பெயருக்குக் கீழே அந்தக் கைப்பிள்ளை பிறந்த நாளை அவர் வெட்டத் தொடங்கினார். அண்ணன் பிறந்த நாளை இனிக் கேட்க ஆளில்லை. எனக்குத் தெரியும். எனக்குப் பிறகு கர்த்தருக்குத் தெரியும்.