கதவுல கெடந்த ரெண்டு கட்டம்

எங்க தேயிலைத் தோட்டத்து லய வீட்டுக் கதவுல ரெண்டு கட்டம் கெடந்துச்சி. தீப்பெட்டி அளவுல, ஒட்டுனாப்புல ரெண்டு. நீலச் சாக்கட்டியால போட்டது, உள்ள ஒண்ணும் இல்ல. பசறை டவுன்ல புடவைக் கடையில வேல பார்த்த எங்க மாமா, துணியில கோடு போடுற சாக்கட்டிய சட்டப் பையிலயே வச்சிக்கிட்டுத் திரிவாரு. ஒரு நா வந்து, கதவச் சாத்தி அந்தக் கட்டத்தப் போட்டு, "இதுக்குள்ள ஒளிஞ்சிருக்கிற நம்பரக் கண்டுபுடி"ன்னு எங்க அக்காகிட்ட சொல்லிட்டு, அம்மா அவிச்சி வச்ச மரவள்ளிக் கெழங்கையும் வழிச்சித் தின்னுட்டு பஸ் ஏறிப் போனாரு. அப்பா அந்தக் கதவத் தொடைக்கவே விடல. என்னமோ சாமி படம் மாதிரி. எனக்கு அதப் பார்த்தா மாமாவோட ரெண்டு கண்ணு மாதிரியே இருக்கும். உள்ள ஒண்ணுமில்லாத கண்ணு.

அப்பா கூடப் பொறந்த அத்தையக் கட்டுனவரு அவரு. பெரிய மண்டக்காரருன்னு பேரு. எழவு வீட்டுக்குப் போனாலும், பெரியவங்க ஒப்பாரி வச்சிக்கிட்டு இருக்கையில, வாசல்ல நிக்கிற ஆம்பளைகளப் புடிச்சி, "ரெண்டு எலக்கத்துல ஒரு நம்பர் நெனைச்சிருக்கேன்"னு ஆரம்பிச்சிருவாரு. அவங்க முழிப்பாங்க. இவரு வெத்தலய ஒதுக்கிக்கிட்டு சிரிப்பாரு. நல்லா முழிக்கவிட்டுத்தான் விடையச் சொல்லுவாரு. இதுல என்ன பெரிய மண்டைன்னு எனக்கு அப்பவே வெளங்கல. விடையக் கையில வச்சிக்கிட்டு கேக்குறவனுக்கு என்ன கஷ்டம். என் மடியில என்ன இருக்குன்னு நான் கேட்டா நீங்க சொல்லிருவீங்களா.

அவரு மகன், எங்க அத்தான், அக்காவுக்கு முறை மாப்பிள. அக்கா பொறந்தப்பவே அத்தை வந்து கொலுசு போட்டு, இவ எம் மருமகளுன்னு சொல்லிட்டுப் போச்சி. எங்க சனத்துல முறைப்பொண்ண சும்மா வேணாம்னு தள்ள முடியாது. தள்ளுனா அந்த வீட்டுல பச்சத் தண்ணி குடிக்க மாட்டோம். மாமாவுக்கோ கொழுந்து பறிக்கிறவ மருமகளா வர்றது கவுரவக் கொறச்சல். பதுளை டவுன்ல படிச்ச பொண்ணு மேல கண்ணு. வேணாம்னு நேராச் சொல்ல வாய் கெடையாது, அதுக்குத்தான் கணக்கத் தூக்கிட்டு வந்தாரு.

"ரெண்டு எலக்கத்தையும் கூட்டுனா ஒம்பது வரணும். நம்பரத் திருப்பிப் போட்டு அசலோட கூட்டுனா தொண்ணூத்தொம்பது வரணும். என்ன நம்பர்?" இதான் கேள்வி. "எம் மகனுக்கு வர்றவளுக்கு மண்டையில கொஞ்சமாச்சும் இருக்கணும்ல, மாப்ள. சரியாச் சொல்லட்டும், வந்து தட்டு மாத்துறேன்"னு அப்பாகிட்ட சொன்னாரு. அப்பாவும் தலைய ஆட்டுனாரு.

தோட்டத்துல பேரு பதிஞ்சா நமக்கு ஒரு நம்பர் குடுப்பாங்க. காலையில பெரட்டுல, வேலைக்கு ஆளப் பிரிக்கிறப்ப, கணக்கப்புள்ள பேரச் சொல்லமாட்டாரு, நம்பரத்தான் கூப்புடுவாரு. எங்களுக்கு நம்பருன்னா அது ஒரு ஆளு. அதனால அக்கா கணக்கெல்லாம் போடல. மலையில நிக்கிற ஒவ்வொருத்தர் நம்பராக் கூட்டிப் பார்த்துச்சி. கடைசியில தன் நம்பரையே கூட்டிச்சி. முப்பத்தாறு. மூணும் ஆறும் ஒம்பது. திருப்பிப் போட்டா அறுவத்து மூணு. ரெண்டையும் கூட்டுனா தொண்ணூத்தொம்பது. கொழுந்துக் கூடையோட அப்பிடியே நின்னுருச்சி. "பாத்தியாடி, மாமா என் நம்பரத்தான் கட்டத்துக்குள்ள ஒளிச்சி வச்சிருக்காரு. நீதான் எம் மருமகளுன்னு சூசகமாச் சொல்லியிருக்காரு"ன்னுச்சி. அன்னைக்கு அது மூஞ்சியில இருந்த வெளிச்சத்த நான் பார்த்திருக்கேன். அதனாலதான் அந்த மனுசன் மேல இருக்கிற எளக்காரம் எனக்கு இன்னும் கொறையல.

மாமா வந்தாரு. அக்கா குளிச்சி, பூ வச்சி, கதவுகிட்ட நின்னு "முப்பத்தாறு, மாமா"ன்னுச்சி. அவரு கட்டத்தக்கூடத் திரும்பிப் பாக்கல. "தப்பு. நாப்பத்தஞ்சு"ன்னாரு. "நாலும் அஞ்சும் ஒம்பது. திருப்புனா அம்பத்து நாலு. கூட்டிப் பாரு." கூட்டிப் பார்த்தோம். அவரு சொன்னதும் சரியாத்தான் இருந்துச்சி. அக்கா உள்ள போயி அடுப்பு ஊதுச்சி. அடுப்புல நெருப்பே இல்ல.

அப்புறம் தெமோதரையில சித்தப்பா தோட்டத்துல மாரியம்மன் திருவிழா. எல்லாரும் போயிருந்தோம். சித்தப்பா மகளும் அத்தானுக்கு முறைதான். நானும் அக்காவும் அவளும் ஊத்துப் பீலியில தண்ணி புடிக்கையில அவ மூஞ்சியத் தூக்கி வச்சிருந்தா. என்னடின்னேன். "உங்க மாமா ஒரு நம்பர் கேட்டாரு. நாப்பத்தஞ்சுன்னேன். தப்பு, முப்பத்தாறுன்னுட்டாரு"ன்னா. குடம் நெறைஞ்சி வழியுது, நாங்க மூணு பேரும் அத மறந்து நிக்கிறோம். குச்சியால தரையில எழுதிப் பார்த்தோம். பதினெட்டப் போட்டாலும் வருது, இருவத்தேழப் போட்டாலும் வருது. ஒம்பது வர்ற எந்த சோடியப் போட்டாலும் தொண்ணூத்தொம்பதுதான். எந்தப் பொண்ணு எதச் சொன்னாலும், இவரு வேற ஒண்ணச் சொல்லிட்டுத் தப்பிச்சிக்கிறலாம்.

கோயில் வாசல்ல மாமா நாக்காலி போட்டு ஒக்காந்திருந்தாரு. நான் தேத்தண்ணி கொண்டு போயி குடுத்து, பவ்யமா, "மாமா, அந்த நம்பர் என்னங்க? எனக்கும் நாளைக்கு யாராச்சும் கேப்பாங்கல்ல"ன்னேன். சுத்தி ஆளுக இருக்கிற தெம்புல, "நாப்பத்தஞ்சு"ன்னாரு. "அப்ப சித்தப்பா மக பாஸ் போலருக்கே"ன்னேன். சட்டுனு, "இல்ல இல்ல, முப்பத்தாறு"ன்னாரு. "அப்ப எங்க அக்கா பாஸுங்களா?"

தேத்தண்ணி அவரு வேட்டியில கொட்டிருச்சி. "கணக்குல சில நேரம் ரெண்டும் வரும்"னு முனகுனாரு. சித்தப்பா சும்மா இருப்பாரா. "ரெண்டும் வரும்னா ரெண்டு பேரையும் கூட்டிட்டுப் போங்க மச்சான், ஒரே பந்தல் செலவு"ன்னாரு. சனம் சிரிச்ச சிரிப்புல மேளக்காரங்க அடிக்கிறத நிப்பாட்டிட்டாங்க. அத்தான் அங்கதான் நின்னாரு. அப்பன் போட்ட கட்டத்துக்குள்ள நிக்கிற மாதிரி நின்னாரு.

அத்தைதான் அழுதுகிட்டே வந்து அக்கா கையப் புடிச்சிச்சி. "எம் மருமக சரியாத்தானே சொல்லிருக்கா. தை பொறந்ததும் தட்டு மாத்துவோம்"னுச்சி. மாமா தலையக் குனிஞ்சிக்கிட்டு, "சரி, ஆகட்டும்"னாரு. அக்கா அத்தானப் பார்த்துச்சி. அவரு செருப்பப் பார்த்துக்கிட்டு இருந்தாரு. அக்கா கைய மெதுவா எடுத்துக்கிருச்சி. "வேணாம் அத்தை. அந்த வீட்டுல சோறு கேட்டாலும் கணக்குப் போடச் சொல்லுவாரு."

வீட்டுக்கு வந்ததும் அக்கா அடுப்புக் கரிய எடுத்து, கதவுல ஒரு கட்டத்துல மூணும் இன்னொண்ணுல ஆறும் போட்டுச்சி. அப்பா அதையும் தொடைக்கல. அந்தக் கதவு பொறவு ஆட்டுப்பட்டிக்கு அடைப்பாப் போச்சி. ஆடுக ஒரசுன ஒரசுல மாமாவோட கட்டமும் போச்சி. அவரு செத்தப்ப போயிருந்தேன். பெரிய மண்டைன்னு ஆளாளுக்குச் சொன்னாங்க. நான் முந்தானைய வாயில வச்சிக்கிட்டேன். அழுறேன்னு நெனைச்சி ஒருத்தி சோடா குடுத்தா.

அக்கா வேற எடத்துல கட்டி, இப்ப பதுளையில மக வீட்டுல இருக்கு. மாசத்துக்கு ஒருக்கா பஸ் ஏறி என்னையப் பாக்க வரும். தேத்தண்ணி குடிக்கிறப்ப, வெரல நனைச்சி மேசையில ரெண்டு கட்டம் போடுவேன். அது தன் வெரலயும் நனைச்சி மூணும் ஆறும் எழுதும்.

"தப்பு. நாப்பத்தஞ்சு"ம்பேன், மாமா மாதிரியே வாயக் கோணிக்கிட்டு.

"போடி அங்கிட்டு, நீயும் உன் மாமனும்"னு முந்தானையால மேசையத் தொடைச்சிட்டு, இன்னொரு தேத்தண்ணி கேக்கும்.