ஹென்னிங்கிடம் நான் சொல்லாத பாதிக் கதை

ஹென்னிங் காலமாகிவிட்டாராம். காலையில் அவருடைய மகள் மெசேஜ் போட்டிருந்தாள்… அதையே திரும்பத் திரும்ப வாசித்துக்கொண்டிருக்கிறேன்.

உங்களில் பலருக்கு அவரைத் தெரியாது. டெனிஷ் படங்களுக்குத் திரைக்கதை எழுதியவர். பிறகு எழுத்தை ஓரமாக வைத்துவிட்டு, கோப்பன்ஹேகனில் பழைய படச்சுருள்களைப் பாதுகாக்கிற ஆர்கைவ் ஒன்றில் வேலைக்குச் சேர்ந்தார். எண்பதுகளின் நடுவில், இலங்கையிலிருந்து அகதியாக வந்த நான் அங்கே கிளீனிங் வேலை.

முதல் கிழமையே நான் பார்த்த வேலை… ஸ்டோர் ரூமுக்குள் ஒரே வினாகிரிப் புளிப்பு மணம். நாறுதே என்று வாளியை முட்டுக் கொடுத்துக் கதவை அகலத் திறந்து விட்டேன். மனுஷன் ஓடி வந்து சாத்தினார். பழுதாகிற பிலிம் அப்படித்தான் மணக்குமாம், உள்ளே குளிர் குறையக் கூடாதாம். ஏசப்போகிறார் என்று நின்றேன். கோப்பி ஊற்றித் தந்தார்.

அதற்குப் பிறகு மத்தியானச் சாப்பாடு இருவரும் ஒன்றாகத்தான். அவருக்கு அரைத்த ஈரல் பூசின கறுப்புப் பாண் துண்டு, எனக்குப் புட்டு.

ஒருநாள் கேட்டார், "நீ இங்க வந்து சேர்ந்த கதையைச் சொல்லு. திரும்ப ஒரு படம் எழுத ஆசையா இருக்கு."

சொன்னேன். ஆனால் அசைலம் இன்டர்வியூவில் பொலிசுக்குச் சொன்ன அதே கதையை! கேஸ் முடியும்வரை ஒரு சொல்லும் மாறக்கூடாது என்று எங்களுக்கு முன்னால் வந்த அண்ணைமார் சொல்லித் தந்திருந்தார்கள். வெள்ளைக்காரரிடம் வாயைத் திறந்தால் அது நேரே பைலுக்குப் போய்விடும் என்று பயம்… அப்போது எங்கள் எல்லோருக்கும் இருந்த பயம்.

ஒரு குளிர்காலம் முழுக்க எழுதினார். வாசித்தும் காட்டினார். பிறகு பேனையை வைத்துவிட்டு என்னைப் பார்த்தார்.

"எங்கயோ பிழை இருக்கு. இவ்வளவு தூரம் நீ தனியவா வந்தனி?"

"ஓம், தனியத்தான்."

அந்தக் காகிதக் கட்டைத் தூக்கி அலமாரியில் வைத்தவர்தான். அதற்குப் பிறகு அவர் எதுவுமே எழுதவில்லை.

எனக்கு விசா கிடைத்தது, பாஸ்போர்ட்டும் கிடைத்தது. பயம் போய்விட்டது, வெட்கம்தான் மிச்சம். ஒவ்வொரு கிறிஸ்மஸுக்கும் அவர் வீட்டுக்குப் போவேன், இந்த முறை சொல்லிவிட வேண்டும் என்று… சொல்லாமலே நான் இருக்கிற டோஸ்ட்ருப்புக்கு ரயில் ஏறுவேன். என்ன மனுஷன் நான்.

ஹென்னிங், நான் தனிய வரேல்லை. என்ரை தம்பி குணாவும் வந்தவன், பொலிசுக்கும் அதைச் சொல்லேல்லை. கிழக்கு பேர்லினில காய்ச்சலோட படுத்திருந்தவனை விட்டிட்டு நான் மட்டும் ரயிலில போய் டென்மார்க்குக்குக் கப்பல் ஏறினனான். அவனை அங்கத்தைப் பொலிஸ் பிடிச்சுக் கொழும்புக்குத் திருப்பி அனுப்பிட்டாங்கள். அதுக்குப் பிறகு ஒரு தகவலும் இல்லை. அப்ப அவனுக்குப் பத்தொன்பது வயசு.

மன்னிச்சுக் கொள்ளுங்கோ… போயிட்டு வாங்கோ.